கேட்கப்படாத இசைவு: ஜப்பானியக் கவிஞர் பியாகுரென் அம்மையாரின் வாழ்வு

பழையன கழிந்து புதியன புகும் காலங்களில் அம்மாற்றத்தின் சுமையை முதற்கண் தாங்குவோர் பெண்களாகவே இருந்துள்ளனர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஜப்பான் நாடு அத்தகையதொரு மாற்றத்துள் புகுந்தது. 1868ஆம் ஆண்டில் மெய்ஜிப் பேரரசரின் ஆட்சி நிலைபெற்ற பின்னர், புகைவண்டியும் தந்தியும் ஆலைகளும் பல்கலைக்கழகங்களும் அந்நாட்டில் விரைந்து தோன்றின. ஆயின், வீட்டினுள்ளே குடும்பத் தலைமை முறை சிறிதும் தளராமல் நின்றது. புதிய சட்டங்களால் அது முன்னினும் இறுகியது என்றே கூறலாம். 1898ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்த உரிமையியற் சட்டம், குடும்பத் தலைவரின் இசைவின்றித் திருமணம் கூடாது என விதித்தது. மணமான பெண்ணின் சொத்தைக் கணவனே ஆள வேண்டும் என்றும் வகுத்தது. புகைவண்டியில் ஏறிப் பள்ளிக்குச் சென்ற பெண், வீடு திரும்பியதும் பாட்டியின் காலத்து வாழ்வையே வாழ வேண்டியிருந்தது.

இவ்விரு உலகங்களுக்கும் இடையே நசுங்கி, இருமுறை பெரியோர் முடித்த மணத்துக்கு ஆட்பட்டு, மூன்றாம் முறை தம் நெஞ்சம் காட்டிய வழியே சென்ற ஒரு பெண்மணியின் வரலாற்றை ஈண்டு நாம் காண்போம். அவர்தாம் யனகிவாரா பியாகுரென் என்னும் புனைபெயரால் புகழ்பெற்ற கவிஞர். பியாகுரென் என்பதற்கு வெண்டாமரை என்பது பொருள். பெற்றோர் இட்ட பெயர் அகிகோ. அவரைத் தூற்றியோரும் உளர், போற்றியோரும் உளர். நாம் அவ்விரண்டையும் ஒதுக்கிவிட்டு, நிகழ்ந்தவற்றை நிகழ்ந்தவாறே நோக்க முயல்வோம்.

பிறப்பும் குடியும்

அகிகோ 1885ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்களில் டோக்கியோ நகரில் பிறந்தார். தந்தையார் யனகிவாரா சகிமிட்சு, கோமகன் பட்டம் பெற்ற உயர்குடியினர். வெளிநாட்டுத் தூதராகப் பணியாற்றியவர். தந்தையாரின் உடன்பிறந்த சகோதரி மெய்ஜிப் பேரரசரின் அந்தப்புரத்தில் வாழ்ந்து, பின்னர் அரியணை ஏறிய தைஷோப் பேரரசரை ஈன்றவர். எனவே நாட்டை ஆண்ட பேரரசரே அகிகோவுக்கு அத்தை மகன் ஆவார்.

இத்துணைப் பெரிய குடியிற் பிறந்தும், அவர் பிறப்பில் ஒரு நிழல் இருந்தது. அவரை ஈன்றவர் கோமகனின் மனைவியார் அல்லர். ஆடல் பாடலில் தேர்ந்த கெய்ஷா மகளிருள் ஒருவர். அந்த அன்னையும் ஒரு காலத்தில் மதிப்புடன் வாழ்ந்த குடும்பத்தின் மகளே. ஷோகுன் ஆட்சியின் சார்பில் 1860ஆம் ஆண்டில் அமெரிக்காவுக்குத் தூதுக்குழுவைத் தலைமையேற்று நடத்திச் சென்ற அதிகாரியின் புதல்வி அவர். அவ்வாட்சி வீழ்ந்ததும் குடும்பமும் வீழ்ந்தது. மகள் கெய்ஷா ஆனாள். தாயின் வாழ்வில் நேர்ந்த இவ்வீழ்ச்சியை நினைவிற் கொண்டால்தான் மகளின் வாழ்வு நமக்கு விளங்கும். குழந்தை கோமகனின் மனைவியாருடைய மகளாகப் பதிவு செய்யப்பட்டு, செவிலித்தாய் ஒருத்தியின் வீட்டில் சில ஆண்டுகள் வளர்ந்தது.

முதல் திருமணம்

ஒன்பதாம் வயதளவில் அகிகோ கிட்டகோஜி என்னும் மற்றோர் உயர்குடிக்குத் தத்துக் கொடுக்கப்பட்டார். தத்தெடுத்தவர்கள் அவரை மகளாக மட்டும் எண்ணி எடுக்கவில்லை. தம் மகன் சுகேதகேவுக்கு மனைவியாக்கும் எண்ணமும் அதில் அடங்கியிருந்தது. அச்சிறுமிக்கு இது தெரியாது. தெரிந்தபோது அவர் மறுத்தார். ஆயினும் மறுப்புக்கு அங்கே மதிப்பில்லை. உயர்குடிப் பெண்களுக்கான பள்ளியில் பயின்றுகொண்டிருந்த அவர், படிப்பை இடையில் விடுத்து, 1900ஆம் ஆண்டில், ஏறத்தாழப் பதினைந்தாம் வயதில் மணமகளானார்.

அடுத்த ஆண்டே ஓர் ஆண் குழந்தை பிறந்தது. கணவன் மனைவியரிடையே மனவொற்றுமை ஏற்படவில்லை. 1905ஆம் ஆண்டில் மணமுறிவு நேர்ந்தது. குழந்தையை அக்குடும்பத்திலேயே விட்டுவிட்டு, இருபதாம் வயதில் அவர் பிறந்தகம் திரும்பினார். அக்காலச் சட்டத்திலும் வழக்கத்திலும் குழந்தை குடும்பத்துக்கே உரியது, தாய்க்கு உரியதன்று.

பிறந்தகத்தில் அவரை எதிர்கொண்டது அன்பன்று; நாணமே. மணம் முறிந்து வந்த மகளை ஊரார் கண்ணிற் படாமல் வைத்திருப்பதே குடிப்பெருமைக்கு உகந்தது எனக் கருதப்பட்டது. தந்தையார் முன்னரே இறந்துவிட்டமையால், மாற்றாந்தாயாரின் கண்காணிப்பில் ஒதுங்கி வாழும் நிலை உண்டாயிற்று. அவ்வொதுக்கமே அவருக்கு ஒருவகையில் கல்வியாகவும் அமைந்தது. அந்நாட்களில் அவர் பழைய இலக்கியங்களை இடையறாது பயின்றார் என அறிகிறோம்.

பள்ளியில் கிடைத்த மறுபிறவி

மீண்டும் ஒரு மணப்பேச்சு எழுந்தபோது அகிகோ வீட்டை விட்டு வெளியேறினார். உறவினரின் முயற்சியால் அப்பேச்சு கைவிடப்பட்டு, 1908ஆம் ஆண்டில் தோயோ எய்வா மகளிர் பள்ளியில் சேர அவருக்கு இசைவு கிடைத்தது. கனடா நாட்டு மெதடிஸ்ட் சபையினர் 1884ஆம் ஆண்டில் நிறுவிய பள்ளி அது. ஒருமுறை மணமாகி, ஒரு குழந்தைக்குத் தாயாகி, இருபத்து மூன்று வயதை எட்டிய ஒருவர், தம்மினும் மிக இளைய மாணவியரோடு விடுதியில் தங்கிப் பாடம் கேட்டார் என்பது எண்ணத்தக்கது. கல்வியின்மீது அவர் கொண்டிருந்த தாகத்துக்கு இதனினும் சான்று வேண்டுவதில்லை.

அங்கேதான் தம்மினும் எட்டாண்டு இளையவரான ஹனகோ என்னும் மாணவியின் நட்பைப் பெற்றார். தேநீர் வணிகர் ஒருவரின் மகளான அம்மாணவியே, பிற்காலத்தில் முரவோகா ஹனகோ என்னும் பெயரில் கனடா நாட்டுச் சிறுமி ஆனின் கதையை ஜப்பானிய மொழியில் பெயர்த்து, 1952ஆம் ஆண்டில் வெளியிட்டுப் புகழ் எய்தியவர். கோமகனின் மகளும் வணிகரின் மகளும் ஒரே விடுதியில் தோழியராகப் பழகியது பள்ளிக்கூடம் என்னும் புதிய உலகம் தந்த வாய்ப்பாகும். சசாகி நோபுட்சுனா என்னும் புலவரிடம் அகிகோ கவிதையும் பயின்றார். ஐந்து, ஏழு, ஐந்து, ஏழு, ஏழு என முப்பத்தோர் அசைகளில் அமையும் தங்கா என்னும் பாவகையில் அவர் கை தேர்ந்தது.

1910ஆம் ஆண்டில் பள்ளிப் படிப்பு நிறைவுற்றது. அவ்வாண்டின் இறுதியிலேயே அடுத்த மணப்பேச்சும் வந்தது.

நிலக்கரிச் செல்வரின் மனை

மணமகன் இத்தோ தெனெமோன். ஜப்பானின் தென்பகுதித் தீவாகிய கியூஷூவில், சிகுஹோ நிலக்கரி வயல்களில் செல்வம் ஈட்டிய சுரங்க முதலாளி. வறுமையிற் பிறந்து, பள்ளிப் படிப்பு ஏறக்குறைய இன்றியே, உடலுழைப்பாலும் துணிவாலும் உயர்ந்தவர். 1903ஆம் ஆண்டில் நாடாளுமன்றக் கீழவைக்கும் தேர்ந்தெடுக்கப்பட்டவர். ஜப்பானின் ஆலைகளும் கப்பல்களும் சிகுஹோ நிலக்கரியை உண்டு வளர்ந்த காலம் அது. அவருக்கு வயது ஐம்பது, மனைவியை இழந்தவர். அகிகோவுக்கு இருபத்தைந்து.

பேரரசரின் உறவினரான ஒரு பெண், கல்வியறியாத ஒரு சுரங்க முதலாளியை மணப்பது அந்நாளில் வியப்பூட்டும் செய்தியாயிற்று. உயர்குடியின் பெயரும் புதுச்செல்வமும் கைகோத்த வணிகம் என்றே செய்தித்தாள்கள் எழுதின. உணவு விடுதி ஒன்றில் நடைபெற்ற சந்திப்பு, பெண் பார்க்கும் நிகழ்ச்சி என்று தெளிவாக அறியாமலேயே அகிகோ அழைத்துச் செல்லப்பட்டார் என்று கூறப்படுகிறது. 1911ஆம் ஆண்டு பிப்ரவரியில் டோக்கியோவில் திருமணம் சிறப்புற நிகழ்ந்தது. தோழி ஹனகோ இம்மணத்தை ஏற்க இயலாமல் மனம் நொந்து சிலகாலம் விலகி நின்றார்.

தெனெமோன் பெண்கள் பள்ளி ஒன்றுக்குப் பொருளுதவி செய்தவர் என்னும் செய்தி அகிகோவுக்கு ஆறுதலாக இருந்தது. அப்பள்ளியின் பணியில் தாமும் ஈடுபடலாம் என அவர் எண்ணினார். கியூஷூ சென்ற பின்னரே அந்நம்பிக்கைக்கு இடமில்லை என அறிந்தார். வீட்டிலோ நிலைமை இன்னும் சிக்கலானது. கணவருக்கு வேறு பெண்டிர் இருந்தனர்; அவர்வழிப் பிறந்த மகளும் தத்துப் பிள்ளைகளும் இருந்தனர். வீட்டு நிருவாகம் முழுதும் ஒரு மூத்த பணிப்பெண்ணின் கையில் இருந்தது. மனைவி என்னும் பெயர் மட்டுமே அகிகோவுக்கு உரியதாயிற்று.

தெனெமோனும் தம் வழியில் மனைவியை மதிக்கவே முயன்றார் என்பதை மறைத்தல் முறையன்று. அவருக்காக மாளிகையைச் செப்பனிட்டார். ஃபுக்குவோக்கா நகரில் செப்புத் தகட்டால் கூரை வேய்ந்த பெருமனை ஒன்றையும் எழுப்பினார். நூல்கள் வெளியிடப் பொருள் தந்தார். ஆயினும் ஒருவர் மொழியை மற்றவர் அறியாத இருவர், எத்துணைப் பெரிய மாளிகையில் வாழ்ந்தாலும் அயலாரே ஆவர். கவிதையின்றி மூச்சு விட இயலாத மனைவியும், எழுத்தறிவைத் தாமே தட்டுத்தடுமாறிப் பெற்ற கணவரும் ஒருவரையொருவர் புரிந்துகொள்ள யாரும் வழிசெய்யவில்லை.

இக்காலத்தில் அகிகோ செய்த ஒரு செயலையும் நாம் சொல்லாமல் விடலாகாது. கணவரின் நெருக்கத்திலிருந்து தம்மைக் காத்துக்கொள்ளும் பொருட்டு, தமக்குப் பதிலாக இளம்பெண் ஒருத்தியை அவருக்குத் துணையாகத் தாமே அமர்த்தினார். தம்மைக் கேளாமல் பிறர் முடித்த மணத்தால் வருந்தியவர், வேறொரு பெண்ணின் வாழ்வைத் தம் விடுதலைக்கு விலையாக்கினார். ஒடுக்கப்பட்டோரும் தம்மினும் எளியோரை ஒடுக்க நேரும் என்பதற்கு இது சான்று. அவர் வரலாற்றைப் புகழ்மாலையாக மட்டும் தொடுப்போர் இவ்விடத்தில் விரைந்து கடந்துவிடுகின்றனர். நாமோ இதனை நினைவில் இருத்திக்கொண்டு மேலே செல்வோம்.

கவிதையும் மடலும்

1915ஆம் ஆண்டில் பியாகுரென் என்னும் பெயரில் அவருடைய முதற் கவிதைத் தொகுதி வெளிவந்தது. அதன் பெயர் ‘ஃபுமியே’. ஷோகுன் ஆட்சிக் காலத்தில், தடை செய்யப்பட்ட கிறித்தவ சமயத்தைச் சார்ந்தவர் என ஐயுறப்பட்டோர் முன் ஒரு திருவுருவப் படம் வைக்கப்பட்டு, அதனை மிதிக்குமாறு அவர்கள் கட்டாயப்படுத்தப்பட்டனர். அப்படத்துக்கு ஃபுமியே என்று பெயர். தாம் நெஞ்சாரப் போற்றுவதைத் தம் காலாலேயே மிதிக்குமாறு பணிக்கப்பட்டவர் நிலையை ஒரு பெண் தன் நூலுக்குப் பெயராக்கினார் எனின், அதனினும் வெளிப்படையாக அவர் என் சொல்ல வேண்டும்? அக்கவிதைகளில் ஒரு மனைவியின் தனிமையும் காதல் வேட்கையும் மறைவின்றி ஒலித்தன. 1918ஆம் ஆண்டில் ஒசாகா அசாஹி நாளிதழ் அவரைப் பற்றித் தொடர் கட்டுரை வெளியிட்டது. சுகுஷி நாட்டு அரசி என்று மக்கள் அவரை அழைக்கலாயினர். சுகுஷி என்பது அவர் வாழ்ந்த நிலப்பகுதியின் பழம்பெயர்.

பின்னர் அவர் நாடகம் ஒன்றை இயற்றினார். அதன் கரு நமக்கும் பழக்கமானது. புத்தர் காலத்தில் வாழ்ந்த அங்குலிமாலனின் கதையே அது. நன்மாணாக்கன் ஒருவன் பொய்ப்பழியால் ஆசிரியரின் சினத்துக்கு ஆளாகி, விரல்களை மாலையாக்கித் திரியும் கொலைஞனாகிப் பின் புத்தரால் திருந்திய வரலாறு அது. இந்நாடகம் ‘கைஹோ’ என்னும் இதழில் வெளியாயிற்று. கைஹோ என்பதற்கு விடுதலை என்பது பொருள். அதனை நூலாக்குவது குறித்துப் பேச, 1920ஆம் ஆண்டு சனவரியில், பெப்பு என்னும் வெந்நீர் ஊற்று நகரில் இருந்த இத்தோ குடும்பத்து மனைக்கு இளைஞர் ஒருவர் வந்தார். அவரே மியசாக்கி ரியூசுகே.

ரியூசுகே, சீனப் புரட்சித் தலைவர் சன் யாட்சென்னுக்குத் துணைநின்ற மியசாக்கி தோத்தென் என்பாரின் மகன். டோக்கியோப் பல்கலைக்கழகத்தில் சட்டம் பயின்றவர். 1918ஆம் ஆண்டில் அங்கே தோன்றிய ஷின்ஜின்காய் என்னும் சீர்திருத்த மாணவர் அமைப்பில் ஈடுபட்டவர். அகிகோவினும் ஏழாண்டு இளையவர். செல்வமோ பட்டமோ அவரிடம் இல்லை. பெண்ணும் மனிதப் பிறவியே என்னும் எண்ணம் இருந்தது. நூலைப் பற்றித் தொடங்கிய பேச்சு, நூற்றுக்கணக்கான மடல்களாக வளர்ந்தது. அன்பு முதிர்ந்தது. செல்வரின் மனைவியோடு கொண்ட தொடர்பு பொதுப்பணிக்கு இழுக்கு எனக் கருதிய தோழர்கள், 1921ஆம் ஆண்டின் தொடக்கத்தில் ரியூசுகேயைத் தம் அமைப்பிலிருந்து விலக்கினர். அவ்வாண்டிலேயே அகிகோ கருவுற்றார். இனி மறைத்தற்கு இடமில்லை என்னும் நிலை வந்தது.

1921 அக்டோபர்

அக்காலக் குற்றவியற் சட்டத்தின்படி, மணமான பெண் வேறோர் ஆடவரோடு உறவு கொள்வது குற்றம். கணவன் முறையிட்டால் அவளுக்கும் அவ்வாடவருக்கும் இரண்டாண்டு வரை சிறைத் தண்டனை உண்டு. கணவன் பல பெண்டிரோடு வாழ்ந்தாலோ, மனைவி அவன்மீது அவ்வாறு முறையிடச் சட்டத்தில் இடமில்லை. அகிகோ எடுத்துவைத்த அடி சிறைவாயிலை நோக்கிய அடியும் ஆகும் என்பதை நாம் மறத்தலாகாது.

1921ஆம் ஆண்டு அக்டோபர் 20ஆம் நாள், டோக்கியோ வந்திருந்த கணவரைப் புகைவண்டி நிலையத்தில் வழியனுப்பிவிட்டு, அகிகோ தம் இருப்பிடம் திரும்பாமல் மறைந்தார். இரண்டு நாள் கழித்து ஒசாகா அசாஹி நாளிதழில் பெருஞ்செய்தி வெளிவந்தது. கணவருக்கு அவர் எழுதிய மணவிலக்கு மடல் முழுதும் அச்சில் இருந்தது. மனைவி கணவனை விலக்கிப் பொதுமக்கள் முன் மடல் வெளியிட்டமை அந்நாடு முன்பு கண்டறியாதது. நம் அகத்திணை நூலோர் உடன்போக்கு என்று வகுத்துரைத்த ஒழுகலாறு, செய்தித்தாளும் தந்தியும் கொண்ட புதிய காலத்தில் ஒரு நாட்டையே கலக்கிற்று.

அம்மடல் செம்மையாக்கப்பட்டதிலும் வெளியிடப்பட்டதிலும் ரியூசுகேயின் நண்பர்களுக்குப் பங்கு உண்டு. பழைய திருமண முறையைத் தாக்கும் படைக்கலமாகவே அவர்கள் அதனைக் கருதினர். ஆனால் கணவரோ தமக்கு எழுதப்பட்ட மடலைத் தாமே செய்தித்தாளில் படித்தறிய நேர்ந்தது. அம்முதியவர் அடைந்த அவமானம் எளிதன்று. மறுமொழியாக அவர் தரப்புச் செய்திகள் ஒசாகா மைனிச்சி நாளிதழில் தொடராக வெளிவரத் தொடங்கின. ஆயினும் அவர் விரைவிலேயே அதனை நிறுத்துவித்தார். சினந்து எழுந்த தம் ஆட்களை அடக்கினார். சட்டம் தந்த உரிமையைக் கொண்டு வழக்குத் தொடரவும் இல்லை. அவ்வாண்டு நவம்பரிலேயே மணவிலக்கு முடிந்தது. மனைவியைச் சிறையில் அடைக்கும் ஆற்றல் கையிலிருந்தும் அதனைப் பயன்படுத்தாது விட்ட அப்பெருந்தன்மையை நாம் பாராட்டாதிருக்க இயலாது. கல்லாதவர் என்று நகையாடப்பட்ட மனிதர், கற்றோர் பலரினும் உயர்ந்து நின்ற இடம் அது.

நாட்டு மக்கள் இரு கட்சியாயினர். குடும்ப ஒழுக்கம் குலைந்தது என்றும், பேரரசரின் சுற்றத்துக்கே மாசு நேர்ந்தது என்றும் ஒரு சாரார் சினந்தனர். விலைக்கு விற்கப்பட்ட பெண் தன்னை மீட்டுக்கொண்டாள் என்று மறுசாரார் வாதிட்டனர். குடும்பத் தலைவரான தமையனார் யோஷிமிட்சு, நாடாளுமன்ற மேலவைப் பதவியை 1922ஆம் ஆண்டில் துறக்க நேர்ந்தது.

இழந்ததும் பெற்றதும்

நெஞ்சம் விரும்பியவரை அகிகோ உடனே அடைந்துவிடவில்லை. பிறந்த குடும்பத்தார் அவரை மீட்டுக் காவலில் வைத்தனர். 1922ஆம் ஆண்டில் அவ்வொதுக்கத்திலேயே மகன் கவோரி பிறந்தான். 1923ஆம் ஆண்டு செப்டம்பர் முதல் நாள் டோக்கியோவையும் யோகோஹாமாவையும் பெருநிலநடுக்கம் அழித்தது. இலட்சத்துக்கும் மேற்பட்டோர் மாண்ட அப்பேரழிவு, குடிப்பெருமையின் மதில்களையும் தளர்த்திற்று. அதன் பின்னரே தாயும் மகனும் ரியூசுகேயின் இல்லம் சேர்ந்தனர். அவ்வாண்டின் இறுதியில் உயர்குடிப் பதிவேட்டிலிருந்து அகிகோவின் பெயர் நீக்கப்பட்டது. கோமகனின் மகள், செல்வரின் மனைவி என்னும் இரு நிலைகளும் போயின. எஞ்சியது எளிய இல்லம் ஒன்றே.

அவ்வில்லத்திலும் துன்பம் காத்திருந்தது. ரியூசுகே எலும்புருக்கி நோயுற்றுப் படுத்தார். அடுப்பு மூட்டி அறியாத அகிகோவுக்கு மாமியார் வீட்டு வேலைகளில் துணைநின்றார். அகிகோவோ எழுதுகோலை ஏந்தினார். கவிதை, கதை, கட்டுரை என்று இரவு பகலாக எழுதி, அவ்வருவாயால் குடும்பத்தைத் தாங்கினார். 1925ஆம் ஆண்டில் மகள் ஃபுகி பிறந்தாள். 1928ஆம் ஆண்டில் தம் இளமைத் துன்பங்களைப் புதினமாக்கி வெளியிட்டார். கணவர் மெல்ல நலம்பெற்று வழக்கறிஞராகவும் அரசியல் தொண்டராகவும் பணியாற்றினார். மாளிகையில் கிட்டாத மனநிறைவு வறுமையிற் கிட்டியது.

அவருடைய இல்லத்தின் கதவு இப்போது பிறர்க்கும் திறந்திருந்தது. 1926ஆம் ஆண்டில் டோக்கியோவின் யோஷிவாரா என்னும் பரத்தையர் பகுதியிலிருந்து மோரி மிட்சுகோ என்னும் இளம்பெண் தப்பியோடி வந்து அகிகோவிடம் அடைக்கலம் புகுந்தாள். குடும்பக் கடனுக்காக அவ்விடத்துக்கு விற்கப்பட்டவள் அவள். கணவனும் மனைவியும் அவளைக் காத்து, விடுதலை பெற வழிசெய்தனர். அப்பெண் தன் நாட்குறிப்பை அவ்வாண்டிலேயே நூலாக்கி, அவ்விடத்துக் கொடுமைகளை உலகறியச் செய்தாள். முன்னொரு நாள் கியூஷூ மாளிகையில் வேறொரு பெண்ணின் வாழ்வை விலையாகக் கொடுத்த அதே கைகள், இன்று ஒரு பெண்ணை விலைப்படுத்திய இடத்திலிருந்து மீட்டன. இதனைக் கழுவாய் என்று அவர் எண்ணினாரோ இல்லையோ, நாம் அவ்வாறே எண்ணுதல் தகும்.

தாயின் குரல்

இரண்டாம் உலகப் போர் அவர் வாழ்வின் மிகப் பெரிய இழப்பைக் கொணர்ந்தது. மகன் கவோரி வசேதா பல்கலைக்கழக மாணவராக இருக்கையில் படைக்கு அழைக்கப்பட்டார். 1945ஆம் ஆண்டு ஆகஸ்ட் 11ஆம் நாள், ககோஷிமா மாவட்டத்தில் நிகழ்ந்த வான்தாக்குதலில் இருபத்து மூன்றாம் வயதில் உயிர்துறந்தார். அதன்பின் நான்கே நாளில் போர் முடிந்தது. நான்கு நாள் தப்பியிருந்தால் வாழ்ந்திருப்பான் மகன் என்னும் நினைவைச் சுமந்த தாயின் தலைமுடி விரைவில் வெளுத்துவிட்டதாகக் கூறுவர்.

அவர் அழுதவாறே அமர்ந்துவிடவில்லை. 1946ஆம் ஆண்டில் வானொலி வாயிலாகத் தம்மைப் போன்று மக்களை இழந்த தாய்மார்களை நோக்கிப் பேசினார். நாடெங்கிலுமிருந்து மறுமொழிகள் வந்தன. அதன் பயனாகத் துயருறும் தாயர் சங்கம் ஒன்றை நிறுவினார். அறுபதைக் கடந்த வயதில் ஊர் ஊராகச் சென்று, இனிப் போர் வேண்டா என்று எடுத்துரைத்தார். உலக நாடுகள் ஒரு கூட்டமைப்பாக இணைய வேண்டும் என்னும் இயக்கத்திலும் பங்கு கொண்டார். முன்பு தம் ஒருவரின் விடுதலைக்காக நாளிதழில் ஒலித்த குரல், இப்போது பல்லாயிரம் தாய்மாரின் குரலாயிற்று.

முதுமையில் கண்நோயால் பார்வை இழந்தார். அப்போது ரியூசுகே அருகிருந்து பேணினார். அவர் வாயாற் கூறிய கவிதைகளைக் கேட்டு எழுதியோர் வீட்டாரே. 1967ஆம் ஆண்டு பிப்ரவரி 22ஆம் நாள், எண்பத்தோராம் வயதில் அகிகோ மறைந்தார். நோயுற்ற கணவரை எழுத்தால் காத்தார் மனைவி. பார்வையிழந்த மனைவியைக் கையால் காத்தார் கணவர். நாற்பதாண்டுக்கு மேல் நிலைத்த அவ்வில்லறமே, அவர்களைத் தூற்றியோர்க்குத் தக்க விடையாயிற்று.

சட்டம் வந்த வழி

1947ஆம் ஆண்டு மே 3ஆம் நாள் ஜப்பானின் புதிய அரசியலமைப்பு நடைமுறைக்கு வந்தது. திருமணம் இருவரின் இசைவை மட்டுமே அடிப்படையாகக் கொண்டு நிகழ வேண்டும் என அதன் 24ஆம் பிரிவு விதித்தது. அப்பிரிவை முதலில் வரைந்தவர் இளமையில் டோக்கியோவில் வளர்ந்த பியாட்டே சிரோட்டா என்னும் இருபத்திரண்டு வயதுப் பெண். அவ்வரசியலமைப்பே கோமகன் முதலிய பட்டங்களையும் ஒழித்தது. மனைவியை மட்டும் தண்டித்த குற்றப்பிரிவும் அவ்வாண்டிலேயே நீக்கப்பட்டது. தெனெமோன் மறைந்ததும் அதே ஆண்டில்தான். அகிகோவின் பெயர் உயர்குடிப் பதிவேட்டிலிருந்து நீக்கப்பட்டு கால் நூற்றாண்டு நிறைவதற்குள், அப்பதிவேடே இல்லாது போயிற்று.

சட்டம் மாறியவுடன் வழக்கம் மாறிவிடவில்லை. 1930களில் ஜப்பானில் நிகழ்ந்த திருமணங்களில் ஏறத்தாழப் பத்தில் ஏழு பெரியோர் பேசி முடித்தவை. அவர்தம் எண்ணிக்கையைத் தாமே தேர்ந்த மணங்கள் விஞ்சியது 1960களின் பிற்பகுதியிலேயே. அகிகோ கண்மூடிய காலமும் அதுவே. 2014ஆம் ஆண்டில் ஜப்பானியத் தொலைக்காட்சியில் வெளிவந்த தொடர் ஒன்றில், ஹனகோவின் தோழியாக அவரை ஒத்த பாத்திரம் இடம்பெற்றபோது, புதிய தலைமுறையினர் அவரை மீண்டும் அறிந்தனர். ஈசுகா நகரில் தெனெமோனின் மாளிகை பொதுமக்கள் காண்பதற்குப் பாதுகாக்கப்பட்டு வருகிறது.

இவ்வரலாற்றிலிருந்து நாம் பெறுவது யாது? பெரியோர் பேசி முடிக்கும் மணம் தீது என்பதன்று. பேசி முடித்த மணங்களில் அன்பு தழைத்த இல்லங்கள் எத்தனையோ உண்டு. தாமே தேர்ந்து துன்புற்றோரும் உண்டு. அகிகோவின் முதலிரு மணங்களிலும் குடிப்பெருமை எண்ணப்பட்டது, செல்வம் எண்ணப்பட்டது, நாள் பார்க்கப்பட்டது, விருந்தினர் அழைக்கப்பட்டனர். மணமகளிடம் மட்டும் எவரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் ஒரு மகன் தாயைப் பிரிந்திருக்க வேண்டியதில்லை. முதியவர் ஒருவர் தம் மனைவியின் மடலைச் செய்தித்தாளில் படித்திருக்க வேண்டியதில்லை. பெயர் மறைந்துபோன இளம்பெண் ஒருத்தி பிறர் துன்பத்துக்கு விலையாகியிருக்க வேண்டியதில்லை. கேளாமல் விட்ட ஒரு சொல்லின் விலையை இத்தனை பேர் கொடுத்தனர்.

மகளிரின் இசைவு மணச் சடங்கின் ஓர் உறுப்பு மட்டும் அன்று. அதுவே மணத்தின் அடித்தளம். மறுப்பதற்கு உரிமை உள்ள இடத்திலேதான் இசைவுக்கும் பொருள் உண்டு. இல்லங்களில் மணப்பேச்சு எழும்போது மூத்தோர் முதலில் மகளின் முகம் நோக்கிக் கேட்பாராக. மகளும் அஞ்சாது தன் மனத்தை உரைப்பாளாக. வெண்டாமரை என்னும் பெயர்பூண்ட அப்பெண்மணி ஒரு வாழ்நாளைக் கொடுத்து உலகுக்கு உணர்த்திய உண்மை இதுவே என நாம் கருதுகிறோம்.